லிப்டில் ஏறாத வாட்ச்மேன்

ஏ.எஸ்.ராவ் நகரில் எங்கள் அபார்ட்மென்டுக்கு வந்த வாட்ச்மேன் ஒல்லியான மனிதர், என்னைப் போலப் பிழைக்க வந்த தமிழர்தான். கொளுத்தும் வெயிலிலும் சட்டையின் கழுத்துப் பட்டனைப் போட்டிருப்பார். லிப்டில் ஒரே ஒரு ஆள் இருந்தால் மட்டும் அவர் ஏறவே மாட்டார். "நக்கோ சார், நீங்க போங்க" என்று இந்த ஊர் உருதுவில் வேண்டாமெனச் சொல்லிவிட்டு, தண்ணீர் கேனைத் தோளில் சுமந்துகொண்டு ஐந்து மாடி படியேறுவார்.

மரியாதை என்றுதான் நினைத்திருந்தேன். கொலை வழக்கில் ஆறு வருஷம் ஜெயிலில் இருந்து, அப்பீலில் விடுதலையானவர் என்று செக்ரட்டரி சொன்ன பிறகு அப்படி நினைக்க முடியவில்லை.

ஒருநாள் கேட்டருகே நின்று கேட்டேவிட்டேன். அவர் எதையும் மறைக்கவில்லை.

"செத்துப்போன ஆளோட கடைசியா போனது நான்தான்னு சாட்சி சொன்னாங்க சார். போனது நிஜம். அதுக்கு மேல யாரும் எதையும் பாக்கல. அது மட்டும் போதாது, சந்தேகத்துக்கு இடமிருக்குன்னு ஹைகோர்ட்ல விட்டுட்டாங்க. அதுலேருந்து நான் யாரோடயும் தனியா போறதில்ல."

"அப்ப அந்த ஆளைக் கொன்னது யாரு?"

கழுத்துப் பட்டனைத் தடவிக்கொண்டார். "ஜட்ஜுக்கே தெரியல. எனக்கு எப்படி சார் தெரியும்?"

வீட்டுக்கு வந்த பிறகுதான் உறைத்தது. 'நான் செய்யல' என்று அவர் சொல்லவே இல்லை. சொல்லிச் சொல்லி அலுத்துப்போயிருக்கலாம். சூடுபட்ட அப்பாவி இப்படித்தான் இருப்பான். கெட்டிக்காரக் கொலைகாரனும் இப்படித்தான் இருப்பான்.

மறுநாள் லிப்டில் நான் மட்டும் இருந்தேன். அவர் கேனோடு வந்துகொண்டிருந்தார். அவர் 'நக்கோ' சொல்வதற்குள் நான் கதவை மூடி ஐந்தாம் மாடிக்கு அழுத்திவிட்டேன்.