பார்க்கின்சன் அண்ணாச்சி

அந்த டாக்டர் மலையாளி. தமிழ் தடுமாறியதால் நோயாளியை விட்டுவிட்டு, பக்கத்தில் நின்ற தேவமணியிடம் இங்கிலீஷில் பேசினார். அவள் அதைத் தன் பெரியப்பா ஜஸ்டஸுக்குத் தமிழில் சொன்னாள்.

"குடியினால வந்த நடுக்கம் இல்லையாம் பெரியப்பா. மூளையில வாற சீக்காம். பார்க்கின்சன் நோயின்னு பேராம்."

"குடி இல்லைன்னு சொல்லுதாரா? நல்லாக் கேளு மக்கா."

"இல்லைன்னுதான் சொல்லுதாரு."

ஜஸ்டஸ் மனைவி பக்கம் திரும்பினார். "ஏட்டி ஞானம், கேட்டியா?"

"நாந்தான் அப்பவே சொன்னம்லா" என்றாள் ஞானரத்தினம்.

"நீ எங்க சொன்ன? வாய மோந்து பாத்தவதான நீ!"

அவர் சிரிக்கத்தான் செய்தார். ஆனால் அந்தச் சிரிப்பு முகத்துக்கு வந்து சேர நேரமாயிற்று.

"அது சரி, யாரு அந்தப் பார்க்கின்சன்? பாவம், அவருக்கு எப்படிச் சொகமாச்சாம்? கேளு."

தேவமணி அப்படிக் கேட்கவில்லை. குணமாகுமா என்று மட்டும் கேட்டாள். மாத்திரையால் கொஞ்சம் அடக்கி வைக்கலாம், குணமாகாது என்றார் டாக்டர். அதையும் அவள் மறைக்காமல் சொன்னாள்.

"அது இவரு சொல்லுதது" என்றார் ஜஸ்டஸ். "அவருக்கு ஆயிருக்கும்."

சங்கரன்கோவிலிலிருந்து ராஜபாளையம் போகிற தனியார் பஸ் ஒன்றில் ஜஸ்டஸ் கண்டக்டராக இருந்தவர். எந்தக் கூட்டத்திலும் கம்பியைப் பிடிக்காமல், சீட்டில் இடுப்பைச் சாய்த்துக்கொண்டு டிக்கெட் கிழிப்பார். எழுபத்தேழாம் வருஷம் அந்தக் கை நடுங்கத் தொடங்கியது. "என்ன அண்ணாச்சி, காலையிலேயே ஏத்திட்டீரா?" என்று கரிவலம்வந்தநல்லூரில் ஏறுகிறவர்கள் கேட்டார்கள். திருவிருந்து நாளில் வேதக்கோயிலில் கிண்ணத்தை வாங்கியபோது திராட்சரசம் அவருடைய வெள்ளைச் சட்டையில் சிந்தியது. பின்வரிசையில் யாரோ தொண்டையைச் செருமினார்கள். அடுத்த மாதம் பஸ் முதலாளி அவரை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்.

அதனால் பார்க்கின்சன் என்ற பேர் அவருக்குப் பெரிய ஆறுதல். கடைத்தெருவில், கோயில் வாசலில், கண்டவர்களிடமெல்லாம், "குடி இல்ல வே, பார்க்கின்சன்" என்று சொன்னார். அவருடைய தெருவில் சங்கரசுப்புக்கு வந்த காமாலை, பேச்சித்தாய்க்கு வந்த வலிப்பு என்றுதான் சீக்குகளுக்கு அடையாளம் சொல்வார்கள். ஆகவே பார்க்கின்சனும் கை நடுங்கிப் போன ஒரு மனுஷன் என்பதில் அவருக்குச் சந்தேகமே இல்லை. சாயங்காலக் குடும்ப ஜெபத்தில் தன் பேருக்குப் பிறகு, "பார்க்கின்சன் என்கிற உம்முடைய பிள்ளையையும் தொடும் ஆண்டவரே" என்று சேர்த்துக்கொண்டார். ஞானரத்தினம் ஒரு கண்ணைத் திறந்து தேவமணியைப் பார்த்தாள்.

சில வாரம் கழித்து அவருக்கு ஒரு கலக்கம் வந்தது.

"மக்கா, செத்தவங்களுக்கு நம்ம ஜெபிக்கப்படாதுல்லா. அவரு உசுரோட இருக்காரான்னு பாத்துச் சொல்லு. இருந்தா ஒரு கடுதாசி போடலாம், எப்படிச் சொகமாச்சுன்னு."

தேவமணி தான் படித்த பாளையங்கோட்டைக் கல்லூரிக்குப் போய், நூலகத்தில் தடித்த இங்கிலீஷ் புத்தகங்களைப் புரட்டினாள். திரும்பி வரும் பஸ்ஸில் ஊர் வரும்வரை அதை எப்படிச் சொல்வதென்று யோசித்தாள். சொல்ல நல்ல வழி எதுவும் தோன்றவில்லை.

"அவரு டாக்டரு பெரியப்பா. இந்தச் சீக்கப் பத்தி மொதல்ல விவரமா எழுதினவரு. செத்து நூத்தம்பது வருஷத்துக்கு மேல ஆச்சு."

"டாக்டரா? அப்ப அவருக்குக் கை நடுங்கலையா?"

"இல்ல."

அவருடைய வலது கட்டைவிரல் ஆள்காட்டி விரலின்மேல் ஓயாமல் உருண்டுகொண்டிருந்தது, டிக்கெட் கட்டிலிருந்து ஒன்றைத் தள்ளிக் கிழிப்பதுபோல.

"அப்ப சீக்கு வந்தவங்க பேரு என்ன?"

"பேரு போடல பெரியப்பா. ஒருத்தர் தோட்டக்காரர்னு இருக்கு. செல பேர ரோட்டுல நடந்து போகையில பாத்தாராம்."

"சொகமாச்சா?"

அவள் தலையை ஆட்டினாள், இல்லை என்று.

அன்றைய ஜெபத்தில், "அந்தத் தோட்டக்காரர்..." என்று தொடங்கியவர் அவரும் செத்தவர்தானே என்று நினைவு வந்து நிறுத்திக்கொண்டார். ஞானரத்தினம்தான் ஆமென் சொல்லி முடித்து வைத்தாள்.

ஆனால் ஊரில் அவர் விதைத்த பேர் முளைத்துவிட்டது. காலைத் தேய்த்துத் தேய்த்து அவர் நடந்து வரும்போது, "பார்க்கின்சன் வாராரு, வழி விடுங்கலே" என்றார்கள் இளவட்டங்கள். கேலி வழக்கமாகி, வழக்கம் மரியாதையாகவும் ஆனது. கோயிலில் வியாதிக்காரர்களுக்காக ஜெபிக்கும் வேளையில், சபையார் எழுந்து நின்று பேர் சொல்வார்கள். அதிலும் பவுல்பாண்டியன் நல்ல மனதோடு, "நம்ம பார்க்கின்சன் அண்ணாச்சி" என்றே சொன்னார். அது அவர் பேர் இல்லை என்று சொல்ல வேண்டும்போல் தேவமணிக்கு இருந்தது. அவள் கோயிலில் பாட்டுக்குக்கூட வாய் திறக்காதவள். எழுந்திருக்கவில்லை.

எண்பதாம் வருஷம் அவருடைய குரலும் சுருங்கிவிட்டது. வாயருகே காதை வைத்தால்தான் கேட்கும். ஒரு சனிக்கிழமை அவள் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தபோது கரண்டியைத் தள்ளிவிட்டார். அவள் குனிந்தாள்.

"நாளைக்குக் கோயில்ல நீ எந்திரி மக்கா. ஜஸ்டஸ்னு சொல்லு. எல்லாருக்கும் கேக்குத மாதிரி, சத்தமாச் சொல்லு."