நைனா எழுந்துட்டாரு

திருத்தணி பஸ் ஸ்டாண்டு ஓரம் செல்போன் ரிப்பேர் கடை வைத்திருந்தவரின் பெயர் எனக்கு இன்றுவரை தெரியாது. புதுசாக மொட்டை போட்டிருந்தார். அந்த ஊரில் அதை யாரும் திரும்பிக்கூடப் பார்ப்பதில்லை. என் பழைய கேம் மெஷின் உயிரை விட்டிருந்தது. அதன் ஆட்டங்களை லேப்டாப்பில் ஓட்டித் தரச் சொல்லி அவரிடம் போனேன்.

அதற்கு மெஷினைத் துவக்கும் பயாஸ் ஃபைல் வேண்டுமாம். ஒவ்வொரு வெர்ஷனுக்கும் வாயில் நுழையாத ஒரு நம்பர். இவரோ முறை வைத்துக் கூப்பிட்டார். அமெரிக்க வெர்ஷன் நைனா, அதாவது அப்பா; ஜப்பான் வெர்ஷன் பாவா, அதாவது மச்சான்.

“பாவா ரொம்ப முறுக்குங்க. அவரு ஊரு டிஸ்க்கத் தவிர எதையும் தொடமாட்டாரு.”

என்னுடையது அமெரிக்க டிஸ்க். நைனாவைப் போட்டார். திரை கறுப்பாகவே நின்றது.

“நைனா போயிட்டாருங்க” என்று உதட்டைப் பிதுக்கினார்.

போன் வாங்க வந்து நின்ற அம்மா ஒருவர் அவர் மொட்டையைப் பார்த்துப் பதறினார். “ஐயோ, எப்பப்பா? காரியம்லாம் முடிஞ்சிதா?”

“ஃபைலு அக்கா, ஃபைலு!” என்று சிரித்துக்கொண்டே பென்டிரைவிலிருந்து மறுபடி ஏற்றினார். துவக்க இசை கேட்டதும் ஸ்டூலை விட்டு எழுந்து நின்றார். “நைனா எழுந்துட்டாரு.”

“அப்பாவையும் இப்படித்தான் கூப்பிடுவீங்களா?” என்றேன்.

“ஆங். கூப்ட்டுகினு இருந்தேன்.”

இப்போதெல்லாம் அந்த இசை கேட்டால் நானும் நாற்காலியிலிருந்து பாதி எழுந்துவிடுகிறேன்.