கண்ணாடிக்காரர் நின்ற தேர்தல்

கண்ணாடிக்காரர் மீசை அரும்பிய காலத்திலிருந்து குடைக் கட்சியில் இருக்கிறார். ஆனால் ஒரு சட்டசபைத் தேர்தலில்கூட அவர் குடைக்கு ஓட்டுப் போட்டதில்லை. போட முடிந்ததில்லை என்று சொல்வதுதான் சரி. எங்கள் தொகுதியின் வாக்குச்சீட்டில் குடைச் சின்னம் அச்சானதே கிடையாது. கூட்டணியில் எங்கள் தொகுதி பூட்டுக் கட்சிக்கு என்று எந்தக் காலத்திலோ முடிவாகிவிட்டது. குடைக்காரர்கள் பூட்டுக்கு வேலை செய்ய வேண்டும், பூட்டுக்கு ஓட்டுக் கேட்க வேண்டும், பூட்டில் முத்திரை குத்திவிட்டு வீட்டுக்கு வந்து மறுபடி குடைக்காரர்களாக இருக்க வேண்டும். இதற்குக் கூட்டணி தர்மம் என்று பெயர்.

இரண்டுமே இருப்பதைக் கெடுக்காதே என்று பேசுகிற கட்சிகள். வரியைக் கூட்டாதே, பள்ளிக்கூடத்தில் கண்டிப்பு வேண்டும், குடும்பம் குடும்பமாக இருக்க வேண்டும், எதையும் அவசரப்பட்டு மாற்றாதே. பிறகு ஏன் இரண்டு கட்சி என்று கேட்டால் இரண்டு பக்கத்துக்காரர்களும் கொஞ்ச நேரம் தலையைச் சொறிவார்கள். பூட்டு பெரிய கட்சி, குடை சின்னக் கட்சி. எனக்குத் தெரிந்த வித்தியாசம் அவ்வளவுதான். பூட்டின் தலைவரைப் பெரியவர் என்பார்கள். குடையின் தலைவர் இளையவர். இளையவருக்கும் எழுபது நெருங்குகிறது, முழங்கால் இரண்டும் போய்விட்டது. ஆனாலும் பெரியவர் இருக்கிற வரைக்கும் அவர் இளையவர்தான்.

கண்ணாடிக்காரர் இந்தப் பக்கம் வந்ததற்கு அவருடைய தொழில்தான் காரணம். கடைத்தெருவில் மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருக்கிறார். முன்பக்கம் மனைவி ஃப்ரேம்களை எடுத்துக் காட்டுவார்; தடுப்புக்குப் பின்னால் இவர் லென்ஸ் தேய்ப்பார். ஒரு சாணைக்கல், அதன்மேல் சொட்டிக்கொண்டே இருக்கும் தண்ணீர்க் குழாய், கீழே தட்டில் தேங்கிய வெள்ளைச் சேறு. ஃப்ரேமின் வளைவுக்குத் தகுந்தபடி லென்ஸின் விளிம்பைத் தேய்த்து, பொருத்திப் பார்த்து, கழற்றி, மறுபடி தேய்க்க வேண்டும். கொஞ்சம் கூடிப்போனால் முடிந்தது கதை. லென்ஸ் ஃப்ரேமுக்குள் லொடலொடவென்று ஆடும், தூக்கித்தான் போட வேண்டும்.

"தேய்ச்சா தேய்ச்சதுதான். திரும்ப ஒட்ட வைக்க முடியாது. கவர்மென்ட்டும் அப்படித்தான்" என்பார். அவர் சொல்லும்போது நியாயமாகத்தான் தோன்றும். எதிர்க்கட்சிக்காரர்களும் அவரிடம்தான் கண்ணாடி போட்டார்கள். அவர்களிடமும் இதையேதான் சொல்வார்.

எங்கள் தொகுதியில் பூட்டு என்றால் மரமில் முதலாளி. வேறு ஆள் கிடையாது. ஜெயித்த ஒவ்வொரு முறையும் திறந்த ஜீப்பில் வருவார். கடை வாசலில் ஜீப் மெதுவாகும். "நம்ம கண்ணாடிக்காரர் இருக்கும்போது எனக்கென்ன கவலை" என்பார். ஜீப் நகர்ந்துவிடும். அடுத்த தேர்தல் வரைக்கும் அவருக்கு உண்மையிலேயே எந்தக் கவலையும் இருந்ததாகத் தெரியவில்லை.

கண்ணாடிக்காரருக்கு ஒரே ஓர் ஆசை இருந்தது. ஒரு தடவையாவது தன் ஊரில் தன் கட்சிச் சின்னம் நிற்க வேண்டும், தானும் அதில் முத்திரை குத்த வேண்டும். தானே நிற்க வேண்டும் என்றுகூட அவர் நினைத்ததில்லை. ஒருமுறை கட்சிக் கூட்டத்தில் இதை வாய்விட்டுச் சொன்னபோது, கூட்டணியைக் கெடுக்கிற பேச்சு என்று உட்காரச் சொல்லிவிட்டார்கள். இவரும் உட்கார்ந்துவிட்டார். வீட்டில் மனைவி மட்டும் விடமாட்டார்.

"ஊர்ல எல்லாரும் யாரைக் கட்டிக்கிட்டாங்களோ அவங்களோட குடும்பம் நடத்தறாங்க. நீங்க ஒருத்தர்தான் ஒரு கட்சியைக் கட்டிக்கிட்டு இன்னொரு கட்சிக்குச் சமைச்சுப் போடறீங்க."

கூட்டணி உடைந்தது தலைமையை வைத்துத்தான். பெரியவருக்கு உடம்பு முடியாமல் போயிற்று. அவருக்குப் பிறகு கூட்டணிக்கு யார் தலைவர் என்ற பேச்சு வந்தது. அது தனக்குத்தான் என்று மூடிய அறையில் வாக்குக் கொடுத்திருக்கிறார்கள் என்றார் இளையவர். அப்படி ஓர் அறையே எனக்கு ஞாபகம் இல்லை என்றார் பெரியவர். தேர்தலோ வாசலுக்கு வந்துவிட்டது. கோபத்தில் இளையவர் எல்லாத் தொகுதியிலும் தனித்துப் போட்டி என்று அறிவித்தார். அன்று சாயங்காலமே கடைக்குப் போன் வந்தது.

"இந்தத் தடவை உங்க தொகுதிக்கு நீங்கதான்" என்றார் இளையவர்.

"நானா தலைவரே?"

"பின்ன வேற யாரு இருக்கா அங்க?"

அது பாராட்டு இல்லை, நிலவரம். கண்ணாடிக்காரருக்கு அது புரியாமல் இல்லை. போனை வைத்துவிட்டு மனைவியிடம், "என்னை நிக்கச் சொல்றாங்க" என்றார். மனைவி ஒரு ஃப்ரேமைத் துணியால் துடைத்துக்கொண்டிருந்தார்.

"நில்லுங்க. நின்னுதான் பாருங்களேன்."

கட்சியிலிருந்து கொடி வந்தது, வண்டி வரவில்லை. மனைவியின் தம்பி டிரைவிங் ஸ்கூல் நடத்துகிறவர். அவர் தன் காரைக் கொடுத்தார். காலையில் ஆட்களுக்கு ஓட்டக் கற்றுக்கொடுத்துவிட்டு, சாயங்காலம் அதே காரில் குடைக்கொடியைக் கட்டிக்கொண்டு அக்காள் புருஷனை அழைத்துப் போவார். "பயிற்சி வாகனம், விலகிச் செல்லவும்" என்று பின்னால் எழுதியிருந்ததை மட்டும் அழிக்க முடியவில்லை. ஊருக்கு நல்ல வேடிக்கை.

முதல் கூட்டம் மார்க்கெட் முனையில். கண்ணாடிக்காரர் நன்றாகத்தான் பேசினார். மேடைப் பேச்சு அவருக்குப் புதிதில்லை, எத்தனை தேர்தலாகப் பேசுகிறார். கடைசியில் குரலை ஏற்றி, "ஆகவே பெரியோர்களே, தாய்மார்களே, உங்க பொன்னான வாக்குகளை மறக்காம பூட்டுச் சின்னத்துல முத்திரையிட்டு" என்று ஆரம்பித்து, விரல்களைக் குவித்துச் சாவியைத் திருப்புவதுபோல ஒரு திருப்புத் திருப்பி, அமோக வெற்றி பெறச் செய்யுமாறு கேட்டு முடித்தார். மச்சான் சட்டையைப் பிடித்து இழுத்த பிறகும் அவருக்கு விளங்கவில்லை. கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது.

மறுநாள் மரமில் முதலாளி தன் மேடையில், "எதிர்த்து நிக்கறவரே எனக்கு ஓட்டுக் கேக்கறாரு. இதைவிட வேற சர்டிபிகேட் வேணுமா?" என்றார். ஊரெல்லாம் இதே பேச்சு. கண்ணாடிக்காரருக்கு அவமானமாகப் போய்விட்டது. யாராவது கடைக்குள் வந்தாலே தடுப்புக்குப் பின்னால் போய்ச் சாணைக்கல்லைச் சுற்ற ஆரம்பித்துவிடுவார், கல்லில் லென்ஸ் இருக்கிறதோ இல்லையோ.

"பழக்க தோஷம். இதுக்குப் போய் ஒளிஞ்சுக்குவாங்களா?" என்றார் மனைவி. "வெளிய வாங்க. சாப்பாடு வேணும்னா சின்னத்தைச் சொல்லுங்க."

"குடை."

"தண்ணி வேணுமா?"

"குடைதான், விடேன்."

அடுத்த கூட்டத்தில் அவர் வழக்கமான பேச்சைப் பேசவில்லை. "அன்னிக்கு நான் பூட்டுன்னு சொன்னேன். எல்லாரும் சிரிச்சீங்க. சிரிக்க வேண்டியதுதான். இத்தனை வருஷமா அதையேதான் சொல்ல வெச்சாங்க, நாக்கு அதுலயே தேஞ்சு போச்சு. இந்த ஒரு தடவை எனக்காகக் கேக்கறேன். சின்னம் குடை" என்று சொல்லிவிட்டு இறங்கிவிட்டார். யாரும் கை தட்டவில்லை. ஆனால் மறுநாளிலிருந்து கடைக்கு ஆட்கள் வந்தார்கள். ஸ்க்ரூ லூசாக இருக்கிறதா பாருங்கள் என்று நல்ல கண்ணாடியைக் கழற்றி நீட்டி, "நம்ம வீட்ல குடைதான்" என்று மெல்லச் சொல்லிவிட்டுப் போனார்கள். பூட்டுக் கொடி பிடித்தே தோள் வலி கண்ட பழைய குடைக்காரர்கள் ஒவ்வொருவராக வெளியே வந்தார்கள். கண்ணாடிக்காரர் முதல்முறையாக ஜெயித்தாலும் ஜெயிப்போம் என்று நினைத்தார். நினைத்ததை மனைவியிடம் சொல்லவில்லை, அவருக்கே பயமாக இருந்தது.

வேட்புமனுவைத் திரும்பப் பெறும் கடைசி நாள் காலையில் டிவியில் பெரியவரும் இளையவரும் ஒரே சோபாவில் உட்கார்ந்து சிரித்தார்கள். பெரியவர்தான் கூட்டணித் தலைவர். இளையவருக்குத் துணை முதல்வர் பதவி. பழையபடி அவரவர் தொகுதி அவரவருக்கு. பூட்டின் தொகுதிகளில் நிற்கிற குடை வேட்பாளர்கள் மூன்று மணிக்குள் விலகிவிட வேண்டும். கடைக்குப் போன் வந்தது.

"வாபஸ் வாங்கிடுங்க" என்றார் இளையவர்.

"தலைவரே, இங்க நல்லா வந்துட்டு இருக்கு."

"எல்லா இடத்துலயும் நல்லாத்தான் வந்துட்டு இருக்கு. அதனாலதானே அவங்க இறங்கி வந்தாங்க."

கண்ணாடிக்காரர் சரி என்றார். தலைவர் சொன்னால் சரி என்று சொல்லித்தான் அவருக்குப் பழக்கம். உள்ளே போய் வெளுத்த சட்டையை எடுத்து மாட்டிக்கொண்டு தலை வாரினார். அந்த நேரம் பார்த்து ஒரு பஸ் டிரைவர் உள்ளே வந்தார். கண்ணாடி கீழே விழுந்து ஒரு பக்கம் சிதறிவிட்டது. சாயங்காலம் டூட்டி, கண்ணாடி இல்லாமல் வண்டியை எடுக்கவிடமாட்டார்கள். கண்ணாடிக்காரர் அவரைப் பார்த்தார், சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினார், சாணைக்கல்லின் முன்னால் உட்கார்ந்தார்.

அவரைத் தேர்தல் ஆபீசுக்கு அழைத்துப்போக மரமில் முதலாளியே காரோடு வந்துவிட்டார். "கிளம்பலாமா அண்ணே?" என்றார். இத்தனை வருஷத்தில் அண்ணே என்றது அன்றுதான்.

"கையில வேலை இருக்கு."

"வந்து பாத்துக்கலாமே."

"தேய்க்க ஆரம்பிச்சாச்சு."

மரமில் முதலாளி ஸ்டூலில் உட்கார்ந்தார். கல் சுற்றியது, தண்ணீர் சொட்டியது. லென்ஸைப் பொருத்திப் பார்ப்பதும் கழற்றுவதுமாக நேரம் போயிற்று. டிரைவருக்கே அது கொஞ்சம் அதிகமாகப் பட்டிருக்கும். போன் அடித்தது. மனைவி எடுத்து, "வேலையா இருக்காரு" என்று சொல்லி வைத்தார். மறுபடி அடித்தது, மறுபடி சொன்னார். ஆபீஸ் ஊரின் மறுகோடியில் இருக்கிறது. மரமில் முதலாளியின் வாயில் அண்ணே என்பது முதலில் கண்ணாடிக்காரரே ஆயிற்று, பிறகு யோவ் ஆயிற்று. மூன்று மணி ஆனதும் அவர் எழுந்தார்.

"இது துரோகம்."

"நான் எதுவுமே செய்யலையே. இருந்ததை இருந்தபடி விட்டேன். நம்ம ரெண்டு கட்சியும் அதைத்தானே சொல்லுது" என்றார் கண்ணாடிக்காரர். லென்ஸைக் கெட்டியாகப் பிடித்திருந்தார்.

பெரியவரும் இளையவரும் சேர்ந்த பிறகு வெளியிட்ட முதல் கூட்டறிக்கை அவரைக் கட்சியிலிருந்து நீக்கிய அறிக்கைதான். இரண்டு தலைவர்களின் கையெழுத்துக்கு மேலே அவர் பெயர் இருந்தது. கட்சி ஆட்களில் பாதிப்பேர் கையைக் கழுவிக்கொண்டார்கள், பாதிப்பேர் பயிற்சி வாகனத்தின் பின்னாலேயே நடந்தார்கள். தேர்தல் அன்று மனைவியோடு போய் ஓட்டுப் போட்டார். மறைப்புக்குப் பின்னால் வெகுநேரம் நின்றுவிட்டார். "சின்னம் தெரியலையா சார்?" என்று அதிகாரி கேட்கும்படி ஆயிற்று. தெரிந்தது. அதைப் பார்த்துக்கொண்டேதான் நின்றார். அவ்வளவு சந்தோஷமாக இருந்தது என்று பின்னால் சொன்னார்.

ஜெயித்தது எதிர்க்கட்சி. மரமில் முதலாளி கொஞ்ச ஓட்டில் தோற்றார். மூன்றாவதாக வந்த குடைக்கு விழுந்த ஓட்டு அந்த வித்தியாசத்தைவிடப் பல மடங்கு. வாழ்நாளெல்லாம் எந்தக் கட்சி வந்துவிடக் கூடாது என்று கண்ணாடிக்காரர் பேசினாரோ, அது அவர் தயவில் எங்கள் தொகுதிக்கு வந்தது. அது அவரை அரித்தது. கொஞ்ச நாள் கடையைத் திறக்கவில்லை, யாரிடமும் முகம் கொடுத்துப் பேசவில்லை. மற்ற இடங்களில் கூட்டணி ஜெயித்து, இளையவர் துணை முதல்வர் ஆகிவிட்டார். ஒருநாள் அவரே கூப்பிட்டு, நடந்ததை மறந்துவிட்டுக் கட்சிக்கு வரச் சொன்னார். "ஒத்தை ஆளாத் தனியா நின்னு என்ன ஓட்டு வாங்கியிருக்கீங்க. அதைக் காட்டித்தான் இன்னொரு மந்திரி பதவி கேட்டேன்" என்றார். கிடைத்துவிட்டதாம். யோசித்துச் சொல்கிறேன் என்றார் கண்ணாடிக்காரர். இன்னும் சொல்லவில்லை.

மழை விட்ட ஒரு மத்தியானம் மரமில் முதலாளி கடைக்கு வந்தார். தனியாக நடந்தே வந்திருந்தார். கண்ணாடியின் ஒரு கால் கழன்று கையில் இருந்தது. கண்ணாடிக்காரரின் மனைவி ஸ்டூலைக் காட்டிவிட்டு உள்ளே போய்விட்டார். கண்ணாடிக்காரர் கண்ணாடியை வாங்கி, சின்னத் திருப்புளியால் பழைய ஸ்க்ரூவை எடுக்கத் தொடங்கினார்.

"உங்களாலதான் தோத்தேன்" என்றார் மரமில் முதலாளி.

"ஆமா."

மரமில் முதலாளி தெருவைப் பார்த்தார். கண்ணாடி இல்லாமல் அவருக்குத் தெரு தெரிந்திருக்காது.

"இத்தனை வருஷமும் என் மூஞ்சிக்குத்தான் ஓட்டு விழுதுன்னு நெனச்சிட்டு இருந்தேன். அதுல உங்க ஓட்டு இவ்வளவு இருக்கும்னு எனக்குத் தெரியவே தெரியாது."

கண்ணாடிக்காரர் புது ஸ்க்ரூவை முடுக்கி, காலை மடக்கி விரித்துப் பார்த்து, அவரிடம் நீட்டினார்.

"எனக்கும்தான் தெரியாது. எண்ணிப் பாக்க விட்டாத்தானே."