கைப்பிடி வைத்த கடல்நாய்

கொக்கு என்று அவனுக்கு யார் பெயர் வைத்தார்களோ தெரியாது. ஆறடிக்கு மேல் உயரம், ஒட்டிய வயிறு, படகுத்துறையில் யாருக்காவது காத்திருந்தால் ஒரு காலை மடக்கிக்கொண்டு மறுகாலில் நிற்கிற பழக்கம். இத்தனையும் உள்ளவனுக்கு வேறு பெயர் வைத்திருந்தால்தான் தப்பு. ஆனால் அவன் வாய்க்கும் அந்தப் பெயருக்கும் சம்பந்தமில்லை. கொக்கு வாயை மூடிக்கொண்டு நிற்கும். இவன் வாயை மூடினால் உடம்புக்கு ஏதோ ஆகிவிட்டது என்று அர்த்தம்.

வாலிபத்தில் அதே துறையில் டிக்கெட் கிழித்துக்கொண்டிருந்தான். வரிசையில் நிற்கிறவர்களை வம்புக்கிழுத்துச் சிரிக்க வைப்பதைப் பார்த்து, கயாக் கம்பெனி வைத்திருந்த பழைய முதலாளி அவனைத் தண்ணீருக்குத் தள்ளிக்கொண்டு போனார். கயாக் என்பது ஒருவரோ இருவரோ காலை நீட்டி உட்கார்ந்து துடுப்புப் போடுகிற ஒடுங்கிய படகு. காலையில் அப்படி ஏழெட்டுப் படகுகளில் வாடிக்கையாளர்களை ஏற்றிப் பாறைக்கரையை ஒட்டியே கூட்டிப்போக வேண்டும். நீர்க்காகங்கள் இறக்கையை விரித்து உலர்த்துகிற இடம், கடற்கழுகின் கூடு, சீல் என்கிற கடல்நாய்கள் வெயில் காய்கிற தட்டைப்பாறை எல்லாவற்றையும் காட்ட வேண்டும். மணல்திட்டில் இறக்கிச் சாப்பாட்டுப் பொட்டலத்தைக் கையில் கொடுத்து, காற்று எழுவதற்குள் கரை சேர்க்க வேண்டும். கொக்கு இதில் மன்னன். அந்தக் கரையில் எந்த இடுக்கில் எது ஒளிந்திருக்கும் என்பது அவனுக்குத் தன் சட்டைப்பை மாதிரி.

வந்தவர்களை அவன் சும்மா விட்டதில்லை. பருமனான ஒருவர் முன்னால் உட்காரப் போனால், "சார், பின்னாடி உக்காருங்க, முன்னாடி உக்காந்தா படகு கும்பிடு போடும்" என்பான். பயந்த பெண்மணியிடம் லைஃப் ஜாக்கெட்டின் பட்டையை இறுக்கிக்கொண்டே, கவலைப்பட வேண்டாம், போன வாரம் காணாமல் போனவர்கள்கூட நன்றாக நீந்தத் தெரிந்தவர்கள்தான் என்பான். குத்துப்பட்டவரும் சேர்ந்து சிரித்துவிடுவார். சுற்றி எல்லோரும் சிரிக்கும்போது ஒருவர் மட்டும் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொள்ள முடியுமா? அதுதான் அவன் சூட்சுமம்.

வீட்டிலும் அதே கதைதான். கல்யாணமான புதிதில் அவன் மனைவி வேலை செய்துகொண்டே ஏதாவது பாட்டை முணுமுணுப்பாள். பக்கத்து வீட்டு நாய் பதில் பாட்டுப் பாடப் போகிறது என்று ஒருநாள் விருந்தாளிகள் முன்னால் சொன்னான். அதற்கப்புறம் அவள் பாடவில்லை. கொஞ்சம் கொஞ்சமாகச் சிரிப்பதையும் நிறுத்திவிட்டாள். அவனுக்கு அது உறைக்கவே இல்லை. வெளியே சிரிக்க அத்தனை பேர் இருந்தார்கள்.

அவளுடைய தம்பிக்குத் திக்குவாய். எங்கும் வேலை கிடைக்காமல் அக்கா வீட்டோடு வந்து சேர்ந்தான். கொக்கு அவனைக் கம்பெனியில் உதவியாளாகச் சேர்த்துவிட்டு, சேர்த்துவிட்டதற்கு வட்டியும் முதலுமாக வசூலித்தான். சைலன்சர் என்று பட்டப்பெயர் வைத்தான். ஒவ்வொரு பயணமும் கிளம்பும்போது அவனைக் காட்டி, "இவன் என் பொண்டாட்டியோட தம்பி. கல்யாணத்துல வந்த இலவச இணைப்பு" என்று அறிமுகப்படுத்துவான். சைலன்சர் தலையைக் குனிந்துகொண்டு படகுகளைத் தண்ணீருக்குத் தள்ளுவான். கூட்டம் அவன் முதுகைப் பார்த்துச் சிரிக்கும்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் கொக்குக்குக் கண் கெட ஆரம்பித்தது. முழுசாகக் கெடவில்லை, அது இன்னும் கொடுமை. ஓரத்தில் எல்லாம் தெரியும். பாறை தெரியும், கரை தெரியும், தடுக்கி விழாமல் நடக்கலாம். எதை நேராகப் பார்க்கிறானோ அது மட்டும் இருக்காது. யாரோ கட்டைவிரலால் அழித்தது போல அந்த இடத்தில் ஒரு சாம்பல் நிறப் பொட்டு. கண் டாக்டர் விளக்கை அடித்துப் பார்த்துவிட்டு, இதற்கு வைத்தியம் இல்லை, இருப்பதைக் காப்பாற்றிக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிட்டார்.

கடற்கழுகைப் பார்க்க முடியாதவன் கடற்கழுகை எப்படிக் காட்டுவது? விஷயம் வெளியே தெரிந்தால் பழைய முதலாளியின் மகள், இப்போதைய முதலாளியம்மா, அன்றைக்கே கணக்குத் தீர்த்து அனுப்பிவிடுவாள். அந்த முன்படகை விட்டு இறங்கினால் அவன் யார்? சிரிக்க ஆளில்லாத ஒரு நெட்டைக் கிழவன்.

வேறு வழியில்லாமல் சைலன்சரிடம் சொன்னான். கெஞ்சவில்லை, உத்தரவு போடுவது போலத்தான் சொன்னான். களைத்துப் போகிறவர்களைக் கட்டி இழுக்க வசதி என்று முதலாளியம்மாவிடம் ஒரு காரணம் சொல்லி, தனிப்படகை விட்டு இருவர் படகுக்கு மாறினார்கள். கொக்கு முன்னால், சைலன்சர் பின்னால். பின்னால் இருப்பவன் முழங்காலால் படகின் உள்பக்கத்தை ஒருதரம் தட்டினால் வலது, இரண்டு தரம் தட்டினால் இடது. தட்டிவிட்டுத் தேய்த்தால் மிக அருகில். தொண்டையைச் செருமினால் பறவை, செருமாவிட்டால் கடல்நாய். வார்த்தை வராதவனுக்கு இது சௌகரியமாகவே இருந்தது. முழங்கால் தட்டும், கொக்கின் துடுப்பு அந்தப் பக்கம் நீளும், கூட்டம் வாயைப் பிளக்கும். எப்படி சார் கண்டுபிடிக்கிறீர்கள் என்று கேட்பார்கள். "கண்ணு வேணும்" என்பான், கூசாமல்.

இப்படி ஒருவன் தயவில் பிழைக்கிறவன் அவனிடம் கொஞ்சம் அடங்கிப் போவான் என்றுதான் நாம் நினைப்போம். கொக்குக்கு நேர்மாறாக ஆயிற்று. தயவு வாங்கியது அவனை அரித்தது. அரிக்க அரிக்கக் கேலி அதிகமாயிற்று. முன்பெல்லாம் பட்டப்பெயரோடு விட்டவன், இப்போது மைத்துனன் திக்குவதை அப்படியே பேசிக் காட்டவும் தொடங்கினான்.

லைஃப் ஜாக்கெட் எடுத்துக் கொடுக்கிற கவுண்டரில் ஒரு பெண் வேலைக்கு வந்திருந்தாள். சைலன்சர் அவளுக்காக ஈர ஜாக்கெட்டுகளைத் தானே அலசிக் காயப்போடுவான். நன்றி என்று அவள் சொன்னால் காது மடல் சிவந்துபோகும். ஒருநாள் படகில் இடம் காலியாக இருந்ததால் முதலாளியம்மா அவளையும் அனுப்பி வைத்தாள். மணல்திட்டில் எல்லோரும் சாப்பிட்டுக்கொண்டிருக்கையில் அவன் அவள் பக்கத்தில் போய் நின்று, ஏதோ கேட்க வாயெடுத்தான். முதல் எழுத்திலேயே மாட்டிக்கொண்டான். கழுத்து நரம்பு புடைத்தது. அவள் பொறுமையாகக் காத்திருந்தாள்.

கொக்கு காத்திருக்கவில்லை. "கிளம்புங்க எல்லாரும். இவன் கேட்டு முடிக்கிறதுக்குள்ள தண்ணி ஏறி திட்டே முழுகிடும்" என்றான்.

கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. அந்தப் பெண்ணும் சிரித்துவிட்டாள், உடனே வாயைப் பொத்திக்கொண்டாள். சைலன்சர் கையிலிருந்த பொட்டலத்தை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு படகுக்குப் போனான். திரும்பும் வழியெல்லாம் முழங்கால் ஒழுங்காகத் தட்டிக்கொண்டே வந்தது. கோபப்பட்டிருந்தால்கூடக் கொக்கு உஷாராகியிருப்பான்.

சில நாள் கழித்து, தட்டைப்பாறையைத் தாண்டும்போது இரண்டு தட்டு. பிறகு ஒரு நீளமான தேய்ப்பு. செருமல் இல்லை. இடதுபக்கம், மிக அருகில் கடல்நாய். கொக்கு துடுப்பை மெல்ல உயர்த்திக் கூட்டத்தை நிறுத்தினான். கடல்நாய் கதைதான் அவனுடைய கைகண்ட சரக்கு.

யாரும் அசைய வேண்டாம் என்று கிசுகிசுத்தான். இவள் பெண், வயிற்றில் குட்டி இருக்கிறது, அதனால்தான் விட்டு விலகாமல் மிதக்கிறாள் என்றான். அந்த முதுகின் பளபளப்பைப் பாருங்கள், நம்மைப் பார்க்கிற கண்ணில் எத்தனை துக்கம் பாருங்கள் என்றான். குரல் தழுதழுத்தது. கடல் நிசப்தமாக இருந்தது. அவன் சந்தோஷத்தோடு அந்த நிசப்தத்தை நீட்டித்தான்.

பின்னாலிருந்து ஒரு வாடிக்கையாளர் தயங்கித் தயங்கிச் சொன்னார்: "சார், அதுக்குக் கைப்பிடி இருக்கு."

முதலில் ஒருவர் சிரித்தார். அப்புறம் எல்லோரும். கொக்கு நேராகப் பார்த்தான், சாம்பல் பொட்டுதான் தெரிந்தது. தலையைத் திருப்பி ஓரக்கண்ணால் பார்த்தான், கறுப்பாக ஏதோ ஆடியது. முகத்தில் ஈயாடவில்லை.

"என்னடா அது?" என்று மெதுவாகக் கேட்டான்.

சைலன்சர் மெதுவாகப் பேசவில்லை. எல்லோருக்கும் கேட்கும்படி, அவசரமே இல்லாமல், ஒவ்வொரு எழுத்திலும் முட்டி முட்டி முடித்தான்: "ட்... ட்... ட்ரம்மு, மாமா." கூட்டம் கடைசிவரை காத்திருந்து கேட்டது. கேட்டுவிட்டு வெடித்தது.

கரையேறியதும் கொக்கு அவன் சட்டையைப் பிடித்திருப்பான். அதற்குள் முதலாளியம்மா ஓடிவந்தாள். வாடிக்கையாளர்கள் வயிறு வலிக்க வலிக்க அவளிடம் சொல்லிவிட்டிருந்தார்கள். இந்த மாதிரி ஐட்டத்தை இத்தனை நாள் ஏன் ஒளித்து வைத்திருந்தீர்கள், இனிமேல் தினமும் இதைச் செய்யுங்கள் என்றாள். அவன் வேண்டுமென்றே செய்ததாகவே அவள் நினைத்தாள். இல்லை, எனக்குத் தெரியவில்லை என்று சொல்ல அவன் வாய் திறக்க வேண்டும். திறந்தால் முன் இருக்கை போய்விடும். கொக்கு பல்லைக் காட்டினான். "சும்மா ஒரு தமாஷுக்குத்தாம்மா" என்றான். சைலன்சர் ஜாக்கெட்டுகளை அலசிக்கொண்டிருந்தான். அந்தப் பெண் அவனுக்குப் பக்கத்தில் நின்று உதறிக் கொடுத்துக்கொண்டிருந்தாள்.

டிரம்மைக் கயிறு போட்டுப் பாறையோடு கட்டினார்கள். அன்றிலிருந்து கொக்கு தினமும் ஒரு பிளாஸ்டிக் டிரம்முக்கு வயிற்றில் குட்டி இருப்பதாகச் சொல்லி உருகினான். சில நாள் டிரம்மை இடம் மாற்றிக் கட்டியிருப்பார்கள், முழங்கால் வேறு இடத்தில் தட்டும். அது டிரம்மா, நிஜமா என்று இவனுக்கு எப்படித் தெரியும்? அதே உருக்கத்தோடு ஆரம்பிப்பான். சிரித்தால் டிரம், சிரிக்காவிட்டால் கடல்நாய். கூட்டம் அவன் முகத்தைப் பார்க்கும்போது, அவன் கூட்டத்தின் மூச்சைக் கவனித்துக்கொண்டிருப்பான். வெட்கக்கேடு என்னவென்றால், போகப்போக அதையும் அவன் நன்றாகச் செய்தான். எங்கே நிறுத்தினால் சிரிப்பு பெரிதாகும் என்று கண்டுபிடித்தான். தன்னை அடிக்கிற பிரம்புக்குத் தானே எண்ணெய் பூசினான்.

சீசன் முடிகிற நாளில் வேலையாட்களின் குடும்பத்தையும் கூட்டிப்போவது கம்பெனி வழக்கம். நீ வர வேண்டாம், வெயில், முதுகு வலிக்கும் என்று மனைவியிடம் எத்தனையோ சொல்லிப் பார்த்தான். அவள் தொப்பியை மாட்டிக்கொண்டு வந்து படகில் உட்கார்ந்துவிட்டாள், கவுண்டர் பெண்ணோடு ஜோடியாக. தட்டைப்பாறையைத் தாண்டியதும் இரண்டு தட்டு, நீளமான தேய்ப்பு. இந்த ஒருமுறை விட்டுவிடலாமா என்று கொக்கு நினைத்தான். இருந்தாலும் துடுப்பு தானாக உயர்ந்தது, வாய் தானாகப் பேசியது. பளபளப்பு, துக்கம், வயிற்றில் குட்டி. அன்றைக்கு என்னமோ வழக்கத்தைவிடப் பிரமாதமாக வந்தது.

சிரிப்பு கிளம்பியது. அந்த இரைச்சலுக்கு நடுவே ஒரு சிரிப்பு அவனுக்குத் தனியாகக் கேட்டது. மூச்சை உள்ளே இழுத்து இழுத்துச் சிரிக்கிற சிரிப்பு. கல்யாணமான புதிதில் கேட்டது. அடையாளம் தெரிந்துகொள்ள அவனுக்கு ஒரு கணம் பிடித்தது.

சாயங்காலம் வீட்டில் அவள் காபியைக் கொண்டுவந்து மேஜையின் வலது ஓரத்தில் வைத்தாள். இரண்டு வருஷமாக அதே இடத்தில்தான் வைக்கிறாள், அவன் கை தேடாமல் இருக்கட்டும் என்று. அவன் அதைக் கவனித்ததே இல்லை. கோப்பையைக் கையில் வைத்துக்கொண்டு, டிரம்மைப் பார்த்து அவ்வளவு சிரிப்பா என்று கேட்டான். கேலியாகக் கேட்கத்தான் நினைத்தான், குரல் ஒத்துழைக்கவில்லை.

உள்ளே போகத் திரும்பியவள் நின்றாள். சொல்ல வேண்டாம் என்றுதான் இருந்திருப்பாள் போலிருக்கிறது.

"அங்க டிரம்மே இல்லீங்க" என்றாள். "போன மாசம் அடிச்ச காத்துலயே அத்துக்கிட்டுப் போயிடுச்சாம். வெறும் தண்ணியத்தான் காட்டிட்டு இருந்தீங்க."

"முதலாளியம்மாவுக்கு?"

"தெரியும். கிளம்புறதுக்கு முன்னாடியே எல்லார்கிட்டயும் சொல்லித்தான் அனுப்புறாங்க. அவருக்குப் பார்வை கிடையாது, கண்டுக்காம பாருங்க, அப்பத்தான் நல்லா இருக்கும்னு."

காபி ஆறியது. தம்பிதான் முதலாளியம்மாவிடம் விஷயத்தைச் சொல்லிக் கேட்டுக்கொண்டானாம், மாமாவை வேலையை விட்டு எடுக்க வேண்டாம் என்று. அதையும் அவள் சொன்னாள், ஆறுதலாக இருக்கட்டும் என்று நினைத்து. பிறகு உள்ளே போய்ப் பாத்திரம் கழுவத் தொடங்கினாள். தண்ணீர்ச் சத்தத்தோடு, இருக்கிறதா இல்லையா என்று சொல்ல முடியாத அளவுக்குச் சன்னமாக, ஒரு பாட்டின் முணுமுணுப்பு கேட்டது.

அடுத்த சீசன் தொடங்கிய அன்று கொக்கு முதல் ஆளாகத் துறைக்கு வந்து ஒற்றைக் காலில் நின்றான். தட்டைப்பாறையைத் தாண்டியதும் முழங்கால் இரண்டு தரம் தட்டியது. அவன் துடுப்பை உயர்த்தினான்.

"யாரும் அசையாதீங்க" என்றான். "வயித்துல குட்டி இருக்கு."