வீரம்மா சொன்ன ஒரே பொய்

பிரிக்பீல்ட்ஸில் யார் யாருக்குள் வழக்கு வந்தாலும், "வீரம்மாவைக் கேளு" என்பார்கள். ஏழு வயதில் அப்பனோடு கப்பலேறி வந்து, டெங்கில் பக்கத்து ரப்பர்த் தோட்டத்தில் வளர்ந்து, அங்கேயே வாழ்க்கைப்பட்டு, புருஷனைக் காய்ச்சலுக்குப் பறிகொடுத்தபின் ரயில்வே துரையின் பங்களாவில் ஆயாவாகச் சேர்ந்தவள். கோயில் மாலையை ஆடு தின்ற விவகாரத்தில், "எங்கண்ணன் ஆடுதான் தின்னுச்சு, நான் பார்த்தேன்" என்று பத்துப் பேர் முன்னால் சொல்லிவிட்டு, அண்ணனோடு ஆறு மாதம் பேச்சுவார்த்தை இல்லாமல் கிடந்தவள். புது உடுப்பைப் போட்டுக்கொண்டு துரைசானி "எப்படி இருக்கிறது?" என்று கேட்டால்கூட, நன்றாயில்லை என்றால் நன்றாயில்லைதான். துரைசானி நல்ல மனுஷி, பொறுத்துக்கொண்டாள்.

இப்படிப்பட்டவள் போயும் போயும் ரெங்கசாமியிடம் மனசைக் கொடுத்தாள். ஊரிலேயே பெரிய புளுகன் அவன்தான்.

புளுகுதான் அவன் உத்தியோகமே. முத்து முகம்மதுவின் படக்கொட்டகையில், திரைக்குப் பக்கத்தில் முக்காலி போட்டு ஏறி நின்று, வெள்ளைக்காரப் படங்களுக்குத் தமிழில் கதை சொல்லுவான். ஊமைப்படக் காலத்தில் வம்பில்லை. படத்தில் இருப்பவன் வாயசைப்பான், இவன் தனக்குத் தோன்றியதைச் சொல்லுவான். பேசும் படம் வந்த பிறகும் சனங்களுக்கு இங்கிலீஷ் புரியாததால் அவன் வேலை நிலைத்தது. அவனுக்கும் புரியாது என்பதுதான் சங்கதி. வாயுள்ள பிள்ளை, பிழைத்துக்கொண்டிருந்தான்.

வீரம்மாவுக்கு அது முதல் சனிக்கிழமையே தெரிந்துபோயிற்று. பதினோரு வருஷம் வெள்ளைக்காரப் பிள்ளைகளைத் தூக்கி வளர்த்தவள். அந்த வீட்டுச் சண்டை, கொஞ்சல், முணுமுணுப்பு எல்லாம் அவளுக்கு அத்துப்படி. திரையில் ஒருத்தி, "எனக்குத் தலைவலி, போய்த் தொலை" என்பாள். ரெங்கசாமியோ, "நாதா, நீங்கள் இல்லாமல் எனக்குச் சோறு இறங்குமா?" என்று உருகுவான். வீரம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பாள். ஆனாலும் அடுத்த சனிக்கிழமை மத்தியானக் காட்சிக்கு முதல் ஆளாக வந்துவிடுவாள். இந்தப் புளுகன் சொல்லும் கதையில் யாரும் யாரையும் கைவிடுவதில்லை. அது அவளுக்குப் பிடித்திருந்தது. காட்சி முடிந்ததும் பங்களா வாசல் கேட்டு வரைக்கும் அவன் பேசிக்கொண்டே கூட நடந்துவருவது அதைவிடப் பிடித்திருந்தது.

அந்த வருஷம் ரப்பர் விலை படுத்துவிட்டது. வேலையில்லாதவர்களைக் கப்பலேற்றி நாகப்பட்டினத்துக்கு அனுப்பிக்கொண்டிருந்தார்கள். கேரி தீவில் பால்மரம் வெட்டி ரப்பர் பால் எடுத்த ரெங்கசாமியின் தம்பி, பெண்டு பிள்ளைகளோடு அப்படித்தான் போனான். "கொட்டகை வேலையும் போச்சுன்னா எனக்கும் கப்பல்தான்" என்று ரெங்கசாமி ஒருநாள் சிரித்துக்கொண்டே சொன்னான். வீரம்மாவுக்குச் சிரிப்பு வரவில்லை. அன்றிரவு சோறும் இறங்கவில்லை.

அந்தச் சமயத்தில்தான் திருடர் படம் வந்தது. ஒரு திருடன், ஒரு திருடி. அவள் பணக்கார வீடுகளுக்குத் தையல்காரியாகப் போய், சாவியை மெழுகில் ஒற்றி எடுத்து வருவாள். அவன் பூட்டைத் திறப்பான். இருவருக்கும் உயிருக்கு உயிரான காதல். கல்யாணம் என்ற பேச்சே கிடையாது. ரெங்கசாமி அதைப் பொறுப்பானா? முதல் ரீலிலேயே மாரியம்மன் சன்னதியில் வைத்துத் தாலி கட்டவைத்துவிட்டான். ஆயிரம் பொய் சொல்லியாவது ஒரு கல்யாணத்தைப் பண்ணு என்று சும்மாவா சொன்னார்கள்? பெண்கள் பக்கத்துப் பெஞ்சுகளில் எல்லாருக்கும் நிம்மதி.

கடைசியில் இருவரும் போலீஸில் மாட்டுகிறார்கள். இன்ஸ்பெக்டர் திருடனைக் காட்டி, இவன் யார் என்று அவளைக் கேட்கிறார். அவள், இவனாவது தப்பட்டும் என்பதுபோல் அவனை ஒரு பார்வை பார்த்துவிட்டு, சுருக்கமாக ஏதோ சொல்கிறாள்.

"ஐயா, இவர்தான் என் கணவர்! இவருக்குச் சிறை என்றால் எனக்கும் சிறைதான்!" என்று ரெங்கசாமி தொண்டை கிழியக் கத்தினான்.

"பொய்!" என்று நாற்காலி வரிசையிலிருந்து ஒருவர் எழுந்தார். ரயில்வே ஆபீஸ் கிராணி பழனியப்பன். நாள் முழுக்க இங்கிலீஷில் கடுதாசி எழுதுகிறவர். "இந்த ஆளை நான் பார்த்ததே இல்லைன்னு சொல்லுது அந்தப் பொண்ணு. இவன் நேர் எதிராச் சொல்றான் லா! காசை வாங்கிட்டு ஊரை ஏமாத்துறீங்களா?"

கொட்டகை இரண்டுபட்டது. படத்தை நிறுத்தி விளக்கைப் போட்டார்கள். முதலாளி முத்து முகம்மது ஓடிவந்தார்.

"தப்பாச் சொல்ற ஆளுக்கு என் கொட்டகையில வேலை இல்ல. இன்னிக்கே கணக்கை முடிச்சிடுறேன். ஆனா வேற யாராச்சும் இங்கிலீஷ் தெரிஞ்சவங்க சொல்லணும்."

"நம்ம வீரம்மாக்கா இருக்காங்களே!" என்றாள் ஒருத்தி. "அவங்களுக்குப் பொய் சொல்ல வராது."

"சரி, அந்தம்மாவே சொல்லட்டும்" என்று கிராணி கையைக் கட்டிக்கொண்டார். அவருக்கென்ன பயம், உண்மை அவர் பக்கம்.

வீரம்மா எழுந்தாள். முக்காலிமேல் நின்றபடி ரெங்கசாமி அவளையே பார்த்தான். கிராணி சொன்னது எழுத்துக்கு எழுத்து சரி. அதைச் சொன்னால் இந்த மனுஷனுக்குக் கப்பல். சொல்லாவிட்டால், இத்தனை வருஷமாக ஊர் அவள் வாய்மேல் வைத்திருந்த நம்பிக்கை என்னாவது? பாவம், கூடப்பிறந்தவனுக்காகக்கூட வளையாத நாக்கு அது.

"ரெங்கசாமி சொன்னதுதான் சரி" என்றாள். "கிராணி ஐயாவுக்குச் சரியாக் காதுல விழல."

கொட்டகையே கைதட்டியது. பழனியப்பன் ஏதோ சொல்ல வாயெடுத்தார். அவள் முகத்தைப் பார்த்தார். என்ன நினைத்தாரோ, பேசாமல் உட்கார்ந்துவிட்டார். அதற்காகவே அந்த மனுஷனை எத்தனை முறை வேண்டுமானாலும் மன்னிக்கலாம்.

அன்றைக்குப் பங்களாவுக்கு நடக்கும்போது ரெங்கசாமிக்குக் கால் தரையில் பாவவில்லை. "பார்த்தியா வீரம்மா? கிராணிக்கே தெரியாத இங்கிலீஷ் எனக்குத் தெரியுது!"

வீரம்மா கேட்டுக்கு முன்னால் நின்றாள். ஒரு நாளைக்கு ஒரு பொய்க்கு மேல் அவளுக்குத் தாங்காது.

"அவ அப்படிச் சொல்லல. கிராணி சொன்னதுதான் சரி."

ரெங்கசாமியின் முகம் தொங்கிப்போயிற்று. "உனக்கு... நான் புளுகுறதெல்லாம் தெரியுமா?"

"மொத நாள்லேருந்து."

"பின்ன எதுக்கு எனக்காகப் பொய் சொன்னே?"

"அந்தப் பொண்ணும் பொய்தான் சொன்னா" என்றாள் வீரம்மா. "அவ எதுக்குச் சொன்னா?"

அது அவனுக்குள் இறங்கக் கொஞ்ச நேரம் பிடித்தது. ஊரில் உள்ள அத்தனை காதலர்களுக்கும் வசனம் சொன்னவன், தன் முறை வந்தபோது திக்கித் திணறி, "அப்ப... என்னைக் கட்டிக்கிறியா?" என்று மட்டும் கேட்டான்.

"அதைக் கேக்க இத்தனை சனிக்கிழமை ஆச்சா உங்களுக்கு?" என்றாள் வீரம்மா.