யாரைப் பார்க்கணும்?

பல் ஆஸ்பத்திரி வரவேற்பு மேஜையில் உட்கார்ந்திருந்த அந்த மனிதருக்கு உடன் வேலை பார்ப்பவர்கள் வைத்த பெயர் 'நாளைக்கு வாங்க'. முன்பதிவு இல்லாமல் வருகிறவர் கன்னம் வீங்கியிருந்தாலும் சரி, கண்ணீர் விட்டாலும் சரி, அவரிடமிருந்து அந்த இரண்டு சொற்கள்தான் கிடைக்கும். தன் கண்டிப்பைப் பற்றி அவருக்கே கொஞ்சம் பெருமை உண்டு. என்ன, அந்தக் கண்டிப்பு ஆஸ்பத்திரி வாசலைத் தாண்டி அவரோடு ஓர் அடி கூட வந்ததில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவருடைய பெரியப்பா மகன், அண்ணன் முறை, சொல்லாமல் கொள்ளாமல் பெரிய பெட்டியோடு வந்து நின்றார். வீட்டுக்குப் பெயிண்ட் அடிக்கிறார்களாம், அந்த வாடை ஆகாதாம், ரெண்டே நாளாம். நம்மவர் வாயெல்லாம் பல்லாக, "இது உங்க வீடுண்ணே" என்றார். ஒப்புக்குச் சொன்னதுதான். அண்ணன் அதை அப்படியே எடுத்துக்கொண்டார்.

படுக்கையறை அண்ணனுக்குப் போனது. புருஷனும் பெண்டாட்டியும் ஹாலில் மெத்தையை விரித்தார்கள். அண்ணன் கெட்டவர் இல்லை. சும்மா இருக்கத் தெரியாதவர், அவ்வளவுதான். சோபா ஜன்னலோரம் நகர்ந்தது. டீயில் சர்க்கரை குறைந்தது. பெயிண்ட் எப்போதோ காய்ந்திருக்கும்; கேட்க வேண்டியதுதான் பாக்கி. அதை நம்மவர் தினமும் பஸ்ஸில் ஒத்திகை பார்த்துக்கொண்டு வருவார். பஸ்ஸுக்குள் அவர் மனசில் பேசிய பேச்சை யாராவது கேட்டிருந்தால் நடுங்கிப்போயிருப்பார்கள். வீட்டுக்குள் நுழைந்ததும் வாயில் வருவது என்னவோ, "சாப்டீங்களாண்ணே?" என்பதுதான்.

நீங்கள் பேசுகிறீர்களா, நான் பேசட்டுமா என்று மனைவி கேட்டுப் பார்த்தாள். சொந்தக்காரர், மனசு புண்படும், நானே பக்குவமாகச் சொல்கிறேன் என்று அவளை அடக்கிவைத்தார். பக்குவம் வந்தபாடில்லை.

ஒரு நாள் சாயங்காலம் நம்மவர் வேலையிலிருந்து வந்து மணியடித்தார். கதவைத் திறந்தவர் முன்பின் தெரியாத ஆள். தோளில் கிடந்த துண்டு மட்டும் தெரிந்த துண்டு, இவருடையது. உள்ளே நாலைந்து பேர் சிரிக்கிற சத்தம். துண்டுக்காரர் இவரை ஏற இறங்கப் பார்த்தார்.

"யாரைப் பார்க்கணும்?"

"இல்ல... பரவால்ல, நான் அப்புறம் வரேன்."

இரண்டு மாடி இறங்கிய பிறகுதான் செய்த காரியம் உறைத்தது. திரும்ப ஏறக் கூச்சம். வந்திருப்பவர்களுக்குக் கொடுக்க வீட்டில் பிஸ்கட் இருக்குமா என்ற கவலை வேறு. கடைக்குப் போய் வாங்கி வந்து, கீழ்ப்படியில் உட்கார்ந்துகொண்டார்.

வேலை முடிந்து வந்த மனைவி அங்கேயே நடந்ததைக் கேட்டாள். கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, பிஸ்கட் பாக்கெட்டை வாங்கிக்கொண்டு மேலே ஏறினாள். இவர் அவள் முதுகுக்குப் பின்னாலேயே போனார்.

வந்தவர்கள் அண்ணனின் பழைய ஆபீஸ் சிநேகிதர்கள். அவர்கள் டீ குடித்துவிட்டுக் கிளம்பும்வரை அவள் பிஸ்கட் தட்டை நீட்டிக்கொண்டிருந்தாள். துண்டைத் திரும்ப வாங்கி மடித்து வைத்துவிட்டு, அண்ணனைப் பார்த்து, "எங்க ரூம் எங்களுக்கு வேணும். நீங்க காலைல கிளம்பினா நல்லாருக்கும்" என்றாள்.

நம்மவர் ஃபேனைப் பார்த்தார். அது தலையில் விழுந்தால்கூடத் தேவலை என்றிருந்தது.

"இதை முன்னாடியே சொல்றதுக்கென்னம்மா?" என்றார் அண்ணன், துளிக்கூட வருத்தமில்லாமல். "பெயிண்ட் வேலை என்னைக்கோ முடிஞ்சாச்சு. நான் கிளம்பறேன்னு பெட்டியை எடுக்கிறப்பல்லாம் தம்பிதான் என்ன அவசரம்னு கையைப் பிடிச்சு உட்கார வெச்சுடறான். சரி, ஏதோ மனசு சரியில்ல போல, துணைக்கு ஆள் தேடறான்னு நானும் இருந்துட்டேன்."

மனைவி மெதுவாகத் திரும்பி இவரைப் பார்த்தாள். யோசித்துப் பார்த்ததில், இவருக்கு ஒன்றிரண்டு தடவை அப்படிச் சொன்னது ஞாபகத்துக்கு வந்தது. மரியாதைக்குச் சொன்னதுதான். ஒன்றிரண்டுக்குக் கொஞ்சம் மேலேயும் இருக்கலாம்.

மறுநாள் காலை பெட்டி வாசலுக்கு வந்தது. அண்ணன் செருப்பை மாட்டினார். அந்த ஒரு நிமிட மௌனத்தைத் தாங்க முடியாமல் நம்மவர், "ஒரு வாய் காப்பி குடிச்சுட்டுப் போலாமேண்ணே" என்றார்.

அண்ணன் ஒரு செருப்பைக் கழற்றினார். மனைவி பெட்டியைத் தூக்கிக்கொண்டு படியிறங்கத் தொடங்கினாள்.