முடிஞ்ச லெவலுக்கு எதுக்கு லைட்டு?

கேம் சென்டர் நடத்துகிறவனுக்கு ரத்தக்கொதிப்பு வர ஊறுகாய் தேவையில்லை, வாடிக்கையாளர்களே போதும். மளிகைக்கடை, மெடிக்கல் ஷாப், ஜெராக்ஸ் கடை என்று எந்தக் கவுண்டருக்குப் பின்னால் நின்று பல்லைக் கடித்துக்கொண்டிருந்தாலும் சரி, நீங்கள் என் இனம். உட்காருங்கள், என் வயிற்றெரிச்சலைக் கொட்டிவிடுகிறேன்.

கோலார் தங்கச் சுரங்கத்தை ஒட்டிய சாம்பியன் ரீப்ஸில் என் கடை. எல்லாக் கம்ப்யூட்டரிலும் ஒரே விளையாட்டுதான் ஓடும். கட்டை கட்டையாக அடுக்கிய ஓர் உலகம். அதில் மண்ணைத் தோண்டலாம், வீடு கட்டலாம், ஊர்க்காரர்களிடம் சாமான் வாங்கி விற்கலாம். இருட்டு இருக்கிற இடத்தில் ஜோம்பி முளைக்கும். வெயில் பட்டால் எரியும். ஊர்க்காரனைக் கடித்தால் அவனும் ஜோம்பி ஆகிவிடுவான். கடைக்கு வருகிற எல்லோருக்கும் சேர்த்து ஒரே உலகம் என்பதால் ஒருவர் அடிக்கிற கூத்துக்கு எல்லோரும் அழவேண்டும்.

அந்த உலகத்தில் புத்தகம் விற்கும் ஊர்க்காரன் ஒருவனுக்குக் கலைவாணி 'நாதன்' என்று பெயர் வைத்திருந்தாள். தினமும் ரயில் பிடித்து பெங்களூருக்கு வேலைக்குப் போகிற பெண், ஞாயிற்றுக்கிழமை மட்டும் வருவாள். நாதன் அவளுடைய அப்பாவின் பெயர். சுரங்கத்தில் கூரை விழாமல் மரமுட்டுக் கொடுக்கிற வேலை பார்த்து, நெஞ்சு கெட்டு, இருமி இருமியே போய்ச் சேர்ந்தவர். மற்ற நாளெல்லாம் நாதனைக் காப்பாற்றுவது என் பொறுப்பு. போகும்போது தவறாமல் சொல்வாள்: "அண்ணா, அப்பா பத்திரம்."

கூரை விழாத சுரங்கம்

கௌதமன் மாமா கலைவாணியின் அப்பாவோடு ஒரே ஷிப்டில் சுரங்கத்தில் இறங்கியவர். சுரங்கத்தை மூடியபோது வீட்டுக்கு வந்தவர், இப்போது பகலில் என் கடைக்கு வருகிறார். விளையாட்டில் நாதனின் ஊருக்கு நேர் கீழே கிணறு மாதிரி ஒரு ஷாஃப்ட் தோண்டி, பக்கவாட்டில் லெவல் லெவலாகப் பாதை வெட்டினார். அதோடு விட்டாரா? அடிக்கு ஒரு மரமுட்டு. காட்டில் ஒரு மரம் மிச்சமில்லை.

இந்த விளையாட்டில் கூரை விழவே விழாது. கல் அந்தரத்தில் நிற்கும். இதைத் தொண்டை வற்றச் சொன்னேன். வீடு கட்ட மரமில்லாமல் மற்ற வாடிக்கையாளர்கள் என்னைத்தானே பிடித்து உலுக்குகிறார்கள்? மாமா திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"விழாதுன்னு சொன்னவன் எவனும் கீழ வந்து நின்னதில்ல தம்பி."

தலைக்கவசம்

பூதிகோட்டை நாராயணப்பா தக்காளி விவசாயி. மண்டியில் லோடு இறக்கிவிட்டு நேராக இங்கே வருவார். விளையாட்டில் அவருக்கு ஒரு கெட்ட பழக்கம். புதுச் சாமான் கிடைத்தால் பழையதை நின்ற இடத்திலேயே வீசுவார். அப்படித்தான் ஓர் இரும்பு ஹெல்மெட்டை நாதன் வீட்டு வாசலில் வீசினார். சில ஜோம்பிகள் கீழே கிடப்பதை எடுத்து மாட்டிக்கொள்ளும். ஹெல்மெட் போட்ட ஜோம்பியை வெயில் எரிக்காது. அந்த ஹெல்மெட் தேய்ந்து உடையும்வரை அதற்கு ராஜவாழ்க்கை.

மறுநாள் பார்த்தால், உச்சி வெயிலில் ஒன்று ஹெல்மெட்டோடு நாதன் வீட்டுக் கதவை இடித்துக்கொண்டிருக்கிறது! பாதி சாப்பாட்டில் ஓடிவந்து அதைக் கொன்றேன். "அறிவிருக்கா?" என்று நான் கத்த, நாராயணப்பா தொடையைத் தட்டிச் சிரித்தார்.

"நம்ம ஊர்ல உயிரோட இருக்கறவன் போடமாட்டேங்கறான், பொணம் போடுது பாருப்பா!"

முடிந்த லெவல்

இதுதான் பெரிய வினை. ஒரு லெவலில் கனிமம் தீர்ந்ததும் மாமா அங்கிருந்த தீப்பந்தங்களை எல்லாம் பிடுங்கிக்கொண்டு அடுத்த லெவலுக்குப் போய்விடுவார். நிஜச் சுரங்கத்துப் பழக்கம் அது. ஆள் இல்லாத இடத்துக்கு விளக்கு தண்டம். ஆனால் இங்கே ஆள் இல்லாத இருட்டுதான் ஜோம்பிக்குப் பிரசவ ஆஸ்பத்திரி. நாதனின் காலுக்குக் கீழே லெவல் லெவலாக உறுமல் கேட்டது.

எனக்கு வந்த கோபத்தில் மவுஸை மேஜையில் அடித்துவிட்டேன். அதுவும் என் மவுஸ். "மாமா, ஒவ்வொரு லெவலுக்கும் லைட்டு வெச்சே ஆகணும்!" என்றேன். அவர் என்னைக் கைக்குழந்தையைப் பார்ப்பதுபோலப் பார்த்தார்.

"இன்னாப்பா நீ, முடிஞ்ச லெவலுக்கு எவனாவது லைட்டு போட்டு வெப்பானா?"

தண்ணீர்

நான் கத்தியது மாமாவுக்கு உறைத்திருக்கிறது, ஆனால் தப்பாக உறைத்திருக்கிறது. ஜோம்பிகளை மூழ்கடிக்கிறேன் என்று என்னைக் கேட்காமல் ஷாஃப்டில் தண்ணீரைத் திறந்துவிட்டார். ஜோம்பி தண்ணீரில் சாகாது சார். கொஞ்ச நேரம் மூழ்கிக் கிடக்கும், உடம்பு நடுங்கும், பிறகு நீலம் பாரித்த நீர்ப்பிணமாக மாறி நீந்தத் தொடங்கும். முன்பு நடக்கத் தெரிந்தது, இப்போது நீச்சலும் தெரியும். முங்காமல் தப்பியவை படியேறி மேலே வந்தன.

அந்த நேரம் பார்த்து நான் பால் பாக்கெட் வாங்கப் போயிருந்தேன். திரும்பி வந்தால் நாதன் வீட்டுக் கதவு தூள். நாதன் நிற்கிறான், அதே அங்கி, அதே மூக்கு, முகம் மட்டும் பச்சை. மாமா நாற்காலியில் ஒடுங்கி உட்கார்ந்திருந்தார்.

"பம்ப நிறுத்தினா தண்ணி ஏறிக்கும், அதோட எல்லாம் முடிஞ்சிடும்னுதான் சுரங்கத்த மூடறப்பவும் சொன்னாங்கோ."

பச்சை முகம்

அன்று ஞாயிற்றுக்கிழமை. சரியாக அந்த நேரத்தில் கலைவாணி உள்ளே நுழைந்தாள். திரையைப் பார்த்தாள். பக்கத்துக் கம்ப்யூட்டரில் நந்திதுர்க்கிலிருந்து வந்த ஒருவன் "ஒரே வெட்டு, முடிச்சிடறேன்" என்று கத்தியைத் தூக்கினான். அவனுடைய கீபோர்டைப் பிடுங்கி என் மடியில் வைத்துக்கொண்டேன். காசு கொடுத்தவனாம், கேள்வி கேட்கிறான்! போடா என்றேன்.

கடிபட்டவனை மீட்க வழி உண்டு. பலவீன மருந்தை அவன்மேல் வீசி, தங்க ஆப்பிள் ஒன்று ஊட்டவேண்டும். மருந்து என்னிடம் இருந்தது. தங்கம் இல்லை. விளையாட்டில் பொழுது விடிந்துகொண்டிருந்தது, நாதனோ வெட்டவெளியில் நின்றான். வெயில் பட்டால் எரிந்துபோவான்.

கௌதமன் மாமா கீபோர்டை இழுத்தார். தன் ஆளை நாதன் எதிரில் ஓடவிட்டு, தலையிலிருந்த ஹெல்மெட்டைக் கழற்றி அவன் காலடியில் போட்டார். எல்லா ஜோம்பியும் எடுக்காது. நாதன் எடுத்தான். மாட்டிக்கொண்டான். வெயில் ஏறியது, அவன் எரியவில்லை. கலைவாணி என் பக்கம் திரும்பினாள்.

"உங்கள நம்பித்தானே அண்ணா வுட்டுட்டுப் போனேன்?"

கோலாரில் தங்கம் இல்லை

தங்க ஆப்பிளுக்கு எட்டுக் கட்டி தங்கம் வேண்டும். வெயிலில் ஹெல்மெட் தேய்ந்துகொண்டே வருகிறது. கடையில் உள்ள எல்லோரையும் கேட்டேன். நிஜத்தில் பொன் விளைந்த ஊர், விளையாட்டில் ஒருவனிடமும் குன்றிமணித் தங்கம்கூட இல்லை. தோண்டியதை எல்லாம் தொப்பி, வாள், கடிகாரம் என்று ஊதித் தள்ளியிருந்தார்கள். நாராயணப்பா மட்டும் தன் வீட்டுச் சுவரையே தங்கக் கட்டையால் எழுப்பியிருந்தார். மூன்று மாத உழைப்பு என்று பீற்றிக்கொள்வார்.

"குடுங்க" என்றேன். கேட்டது போலவே இல்லை, அதட்டியது போல இருந்தது. மனிதர் சட்டென்று எழுந்தார். நான் பார்த்து அவர் சிரிக்காமல் இருந்தது அன்றைக்குத்தான்.

"இந்த ஊர்த் தங்கத்த எவனெவனோ எடுத்துனு போனான், அவன ஒருநாளாவது இப்படி அதட்டினீங்களா?"

நாதன்

நாராயணப்பா உட்கார்ந்து, முணுமுணுத்துக்கொண்டே, தன் வீட்டு வாசல் சுவரைக் கடப்பாரையால் இடித்தார். ஒரு கட்டையிலேயே வேலைக்குப் போதுமான தங்கம் வந்துவிட்டது. ஆனாலும் இடித்துக்கொண்டே இருந்தார். ஆத்திரமோ என்னவோ.

நான் மருந்தை வீச, கலைவாணி ஆப்பிளை ஊட்டினாள். நாதன் நடுங்கத் தொடங்கினான். சில நிமிடம்தான். பச்சை போய்ப் பழைய முகம் வந்தது. ஹெல்மெட் கீழே விழுந்தது. மாமா அதை எடுக்கப் போகவில்லை, கண்ணைத் துடைத்துக்கொண்டு "நாதா" என்றார். நான் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டேன். வாடிக்கையாளர் எதிரில் அழுதால் நாளைக்கு எவன் மதிப்பான்?

கலைவாணி மாமாவைத் திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன், திட்டினால் நானும் சேர்ந்துகொள்ளத் தயாராக இருந்தேன். அவள் விளையாட்டில் தன்னிடமிருந்த தீப்பந்தங்களை எல்லாம் அவருடைய ஆள் எதிரில் கொட்டினாள்.

"முடிஞ்ச லெவல்லகூட லைட்டு வெச்சிட்டு வாங்க மாமா, எங்கப்பா இருட்டுல இருந்தது போதும்."

இப்போது எங்கள் விளையாட்டுச் சுரங்கத்தில் ஆளே போகாத லெவலில்கூட விளக்கு எரிகிறது, இன்னும் எரியாமல் இருப்பது என் கடை வாசலில் நிற்கும் தெருவிளக்கு மட்டும்தான்.